நடவு வயலும் உடம்பு அலுப்பும்

எங்க ஊர்ல களைப்புக்கு ஒரே வார்த்தை கிடையாது. ஓடி வந்து மூச்சு வாங்கினால் அது இளைப்பு. நாள் முழுக்க வேலை பார்த்து உடம்பு கனத்துப் போனால் அலுப்பு. சாப்பிட்ட பிறகு கண்ணை இழுத்தால் அசதி. வெயிலில் நாக்கு வறண்டு தலை சுற்றினால் கிறுகிறுப்பு. உடம்புல ஒண்ணும் இல்லாம மனசு மட்டும் வரமாட்டேன்னு உட்கார்ந்துகிட்டா அது சடைவு. டவுன்ல எல்லாத்தையும் சேர்த்து 'டயர்டா இருக்கு'ன்னு முடிச்சிடறாங்க. வயல்ல அப்படி முடிக்க முடியாது. இளைப்புக்கு அஞ்சு நிமிஷம் நின்னா போதும். அலுப்புக்கு ஒரு ராத்திரித் தூக்கம் வேணும். கிறுகிறுப்புக்கு அந்த நிமிஷமே நிழலும் தண்ணியும் வேணும். எது எதுன்னு பிரிச்சுப் பார்க்கத் தெரியலைன்னா ஆளையே பறிகொடுக்க நேரிடும்.

சென்னை, பெங்களூருல இருக்கிற நண்பர்கள் அடிக்கடி ஒண்ணு கேட்பாங்க: "நீங்க எல்லாம் பழகினவங்க, உங்களுக்கு அலுப்பு தெரியாதுல்ல?" தெரியும். நல்லாவே தெரியும். எது பழகும், எது எத்தனை வருஷம் ஆனாலும் பழகாது என்பதைத்தான் இன்றைக்கு எழுதலாம்னு இருக்கேன். சம்பா நடவு நெருங்குது, அதனால நடவையே எடுத்துக்கறேன்.

முதலில் ஒரு சின்னக் கணக்கு. ஒரு ஏக்கர் என்பது 4,047 சதுர மீட்டர். குத்துக்குக் குத்து 20 சென்டிமீட்டருக்கு 10 சென்டிமீட்டர் இடைவெளி விட்டால் ஒரு சதுர மீட்டரில் 50 குத்து வரும். பெருக்கிப் பாருங்க, ஏக்கருக்கு 2 லட்சத்துக்கு மேல். 12 பெண்கள் இறங்கி நட்டால் ஆளுக்கு ஏறத்தாழ 17 ஆயிரம் குத்து. இடது கையில் நாத்து முடி, வலது கையால் இரண்டு மூன்று நாத்தைப் பிரித்து விரலால் சேத்தில் ஊன்றி, பின்னாடியே நகர்ந்துகொண்டு போகணும். 17 ஆயிரம் தடவை. அத்தனையும் இடுப்பை மடக்கிக் குனிந்தபடி. சேறு காலை இழுக்கும், ஒவ்வொரு அடியும் பிடுங்கித்தான் எடுக்கணும்.

குனிஞ்சு வேலை பார்க்கிறவங்களுக்கு இடுப்பு ஏன் இப்படிக் கடுக்கிறது? ஓடும்போதோ நடக்கும்போதோ தசை சுருங்கும், விரியும். விரியும்போது புது ரத்தம் உள்ளே பாயும். குனிந்தே நிற்கும்போது முதுகுத் தசை சுருங்கின நிலையிலேயே பிடிச்சுக்கிட்டு நிற்கிறது. இறுகின தசை தன் ரத்தக் குழாயைத் தானே நெரிக்கிறது. உள்ளே வரவேண்டியது வராது, வெளியே போகவேண்டிய கழிவு போகாது. அதனால்தான் சும்மா குனிந்து நிற்பதே மூட்டை தூக்குவதைவிடக் கடுமையாகத் தெரியும்.

இன்னொன்றும் இருக்கிறது. ரொம்ப நேரம் குனிந்தே இருந்தால் முதுகெலும்பைக் கட்டிப் பிடித்திருக்கும் நார்கள் மெல்ல மெல்ல இளகி நீண்டுவிடும். நிமிர்ந்ததும் பழைய இறுக்கம் உடனே திரும்பாது, கொஞ்ச நேரம் ஆகும். அந்த நேரத்தில் கனமான எதையும் தூக்கினால் முதுகு பிடித்துக்கொள்ளும். எங்க பக்கத்துக் கிழவிகள் இதை வேறு மாதிரிச் சொல்வாங்க: "கரையேறினா முதல்ல வெத்திலை போடு, அப்புறம் கட்டைத் தூக்கு." வெத்திலை மடிச்சுப் போடுற அந்த அஞ்சு நிமிஷத்துல இடுப்பு ஓரளவுக்காவது தன் இடத்துக்கு வந்துடும்.

அடுத்தது சூடு. நாம் தின்கிற சோற்றிலிருந்து வரும் சக்தியில் தசை வேலையாக மாற்றுவது நூற்றில் 20, 25 பங்குதான். மிச்சமெல்லாம் சூடு. டிராக்டர் இன்ஜினுக்கு ரேடியேட்டர் வேணும்னு எல்லாருக்கும் தெரியும். மனுஷனுக்கு அந்த ரேடியேட்டர் தோல்தான். ரத்தம் உள்சூட்டைத் தோலுக்குக் கொண்டுவரும், வேர்வை ஆவியாகும்போது அந்தச் சூட்டை எடுத்துக்கிட்டுப் போகும். ஒரு லிட்டர் வேர்வை முழுசா ஆவியானால் ஏறத்தாழ 580 கிலோ கலோரி சூடு இறங்கும். கடும் வேலையில், கடும் வெயிலில் ஒரு மணி நேரத்துக்கு ஒரு லிட்டர் வேர்வை போவது சாதாரணம்.

இதில் 'ஆவியானால்' என்ற சொல்தான் முக்கியம். சொட்டிக் கீழே விழுந்த வேர்வையால் உடம்புக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை. அதனால்தான் சித்திரை வெயிலைவிட எனக்குப் புரட்டாசியிடம் பயம் அதிகம். புரட்டாசியில் பொன்னுருகக் காயும், மண்ணுருகப் பெய்யும்னு சொல்வாங்க. காய்ந்து பெய்து, பெய்து காய்ந்து, தண்ணி கட்டின வயலிலிருந்து ஆவி கிளம்பிக்கிட்டே இருக்கும். காத்தும் இருக்காது. சித்திரையில் வேர்வை தெரிவதற்கு முன்னாடியே காய்ந்துவிடும். புரட்டாசியில் சட்டை பிழிகிற அளவுக்கு நனைந்திருக்கும், ஆனால் உடம்பு குளிராது. மேகம் போட்டிருக்கே, வெயிலே இல்லையேன்னு நினைக்கிற நாள்லதான் ஆள் சுருண்டு விழுறது.

உள்ளே என்ன நடக்கிறது என்றால், இருக்கிற ரத்தத்துக்கு இரண்டு பக்கமும் இழுப்பு. தசை கேட்கிறது, தோலும் கேட்கிறது. வேர்வையாகத் தண்ணி போகப் போக ரத்தத்தின் அளவும் குறையும். குறைந்த ரத்தத்தை வைத்துக்கொண்டு இரண்டு பேருக்கும் பங்கு போட, இதயம் வேகமாக அடிக்க வேண்டியிருக்கிறது. காலை ஏழு மணிக்குச் செய்த அதே வேலை பதினோரு மணிக்கு இரண்டு மடங்கு கனப்பது இதனால்தான். உடம்பு எடையில் 2 சதவீதம் தண்ணி குறைந்தாலே வேலைத்திறன் இறங்கத் தொடங்கும். 60 கிலோ ஆளுக்கு அது 1.2 லிட்டர். ஒரு மணி நேரத்துக் கணக்குதான்.

வேர்வையோடு உப்பும் போகிறது. வெறும் தண்ணியை மட்டும் குடம் குடமாகக் குடித்தால் ரத்தத்தில் உப்பு நீர்த்துப்போய் அதுவே தலைவலி, வாந்தி, குழப்பம் என்று ஆபத்தாகலாம். எங்க வீடுகளில் காலையில் நீராகாரமும், பழையதும், கடிச்சுக்க சின்ன வெங்காயமும், உப்பு ஊறுகாயும் வைத்தது ஏழ்மையால் மட்டும் இல்லை. தண்ணி, உப்பு, மாவுச்சத்து மூன்றும் ஒரே சட்டியில் இருக்கிறது. 1971-ல் வங்கதேசப் போர் அகதிகள் முகாமில் காலரா பரவியபோது டாக்டர் திலீப் மகலநாபிஸ் உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணியைக் கொடுத்துப் பல உயிர்களைக் காப்பாற்றினார். ஒரு லிட்டர் தண்ணிக்கு 6 தேக்கரண்டி சர்க்கரை, அரைத் தேக்கரண்டி உப்பு என்பதுதான் வீட்டில் கலக்கிற அளவு. குடலுக்குள் சர்க்கரையும் உப்பும் கைகோத்துப் போகும்போது தண்ணியையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போகும். நடவு வயலுக்கு மோர்ப்பானை வரும்போது நான் இதைத்தான் நினைத்துக்கொள்வேன்.

இவ்வளவும் உடம்பு. எனக்கு இன்னும் ஆச்சரியம் மனசுதான்.

எங்க பக்கம் வாய்க்கால் தகராறு, வரப்புத் தகராறு பெரும்பாலும் காலை ஆறு மணிக்கு நடக்காது. பதினொன்று, பன்னிரண்டு மணிக்குத்தான் வெடிக்கும். அதே இரண்டு பேர்தான், அதே வரப்புதான். கதிர் அறுப்பில் கை அறுபடுவதும் அந்த நேரத்தில்தான். நாத்து முடி எண்ணுகிறவர் எண்ணிக்கையை விடுவதும் அப்போதுதான். கூலி, நிலம், கடன் பத்தின பேச்சைச் சாப்பாட்டுக்கு முன்னாடி எடுக்கக்கூடாதுன்னு எங்க பெரியம்மா ஒரு சட்டமே வச்சிருந்தாங்க. உடம்பு களைச்சா முதல்ல போறது கை பலம் இல்லை. பொறுமை போகும், அப்புறம் கணக்கு போகும், கடைசியாத்தான் கை கால் விழும்.

இத்தாலியில் டூரின் நகரத்தில் ஏஞ்சலோ மோசோ என்ற உடலியல் பேராசிரியர் 1891-ல் களைப்பைப் பற்றியே ஒரு முழுப் புத்தகம் எழுதினார். விரலில் எடையைக் கட்டி, திரும்பத் திரும்பத் தூக்க வைத்து அளக்கும் கருவி ஒன்றையும் செய்தார். மாணவர்களுக்குத் தேர்வு நடத்திக் களைத்த பேராசிரியர்களின் விரலும் சீக்கிரம் ஓய்ந்துபோவதைக் கண்டார். மூளை வேலை செய்ததற்கு விரல் களைக்கிறது. 2009-ல் பிரிட்டனில் சாமுவேலே மார்க்கோராவின் குழுவும் இதையே வேறு விதமாகப் பார்த்தது. 90 நிமிடம் மூளையைக் கசக்கும் வேலை கொடுத்துவிட்டு சைக்கிள் மிதிக்கச் சொன்னால், ஆட்கள் வழக்கத்தைவிடச் சீக்கிரம் நிறுத்திவிடுகிறார்கள். இதயமும் தசையும் எப்போதும் போலத்தான் இருந்தன. வேலை கஷ்டமாகத் தெரிந்தது, அவ்வளவுதான். வீட்டில் கடன்காரன் வந்து போன மறுநாள் மண்வெட்டி ஏன் கனக்குதுன்னு எங்களுக்கு எப்பவோ தெரியும், அவங்க அளந்து சொல்லியிருக்காங்க.

இன்னொரு வேடிக்கை. 2004-ல் வந்த ஓர் ஆய்வில், சைக்கிள் ஓட்டுபவர்களை மாவுச்சத்து கரைத்த தண்ணியை வாயில் கொப்பளித்துத் துப்பச் சொன்னார்கள். விழுங்கவே இல்லை. ஆனாலும் வேகம் கூடியது. வாயில் பட்டதுமே 'சாப்பாடு வருது' என்று மூளை நம்பி, பிடித்து வைத்திருந்த பலத்தைக் கொஞ்சம் அவிழ்த்து விடுகிறது. வெல்லத்துண்டை வாயில் போட்ட அடுத்த நிமிஷமே எழுந்துபோய் மிச்ச வரப்பை வெட்டுகிற பெரியவரைப் பார்த்து, இவ்வளவு சீக்கிரமா செரிக்கும்னு யோசிச்சிருக்கேன். செரிக்கிற வரைக்கும் உடம்பு காத்திருக்கிறதே இல்லை.

அதே மாதிரிதான் முடிவு தெரிவதும். "அந்த மூலை வரைக்கும் நட்டுட்டா டீ" என்று சொன்னால் கூட்டம் மளமளவென்று போகும். "இன்னும் நிறைய இருக்கு" என்றால் அடுத்த நொடியே நாலு பேர் இடுப்பைப் பிடிப்பாங்க. எவ்வளவு தூரம் மிச்சம் என்று கணக்குப் போட்டுத்தான் மூளை பலத்தை அளந்து கொடுக்கிறது. நடவில் குலவை போடுவதும் பாட்டுப் பாடுவதும் இந்த வேலையைத்தான் செய்யும். ஒரே தாளத்தில் கை போகும்போது இடுப்பு கடுப்பதை எண்ணிக்கொண்டிருக்க நேரம் இருக்காது.

ஆனால் மூளையே சூடேறிவிட்டால்?

மூணு வருஷத்துக்கு முன்னாடி, ஒரு புரட்டாசி மாசம், பக்கத்து வயல்ல சம்பா நடவு. நாத்து சுமக்கிற அண்ணன் ஒருத்தர், வயசு ஐம்பதைத் தாண்டியிருக்கும். சத்தம் போட்டுப் பேசி யாரும் பார்த்ததில்லை. பதினொன்றரை இருக்கும். காத்தே இல்லை, மேகம் மூடியிருந்தது. நட்டு முடிச்ச வயல்ல கொண்டுபோய் நாத்து முடியை வீசினார். "அண்ணே, அது நட்டாச்சு" என்று ஒரு பையன் சொன்னதும் வரப்பில் நின்று கண்டபடி கத்தினார். எல்லாரும் சிரிச்சாங்க. நடவுக் கூட்டத்துக்குத் தலைமை பார்க்கிற அக்கா மட்டும் சிரிக்கவில்லை. நாத்தைக் கீழே போட்டுட்டு நிமிர்ந்து, "தம்பி, இவரு பேச்சு சரியில்ல. இவரு இப்படிப் பேசற ஆளு இல்ல. பிடிங்க அவரை"ன்னு சத்தம் போட்டாங்க.

ஓடிப்போய்க் கையைப் பிடித்தேன். அடுப்பிலிருந்து இறக்கின பாத்திரம் மாதிரி சூடு. வேர்வை கொட்டிக்கொண்டுதான் இருந்தது. வேர்வை நின்று போனால்தான் ஆபத்து என்று பலர் நினைக்கிறார்கள், வேலை செய்து சூடேறினவர்களுக்கு அப்படி இல்லை. "நாத்து பறிச்சாச்சா?" என்று என்னைக் கேட்டார். காலையிலிருந்து அவர்தான் சுமந்துகொண்டிருந்தார். மூணு பேராகத் தூக்கி மோட்டார் கொட்டகைத் தொட்டியில் கழுத்து வரைக்கும் இறக்கினோம். தலையில் தண்ணியை ஊத்திக்கொண்டே இருந்தோம், ஒரு ஆள் தலையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டார். யாரோ சோடா வாங்க ஓடினாங்க. அக்கா வேண்டாம்னு தடுத்தாங்க. புத்தி தடுமாறி இருக்கிறவருக்கு வாயில் ஊத்தினால் புரையேறிவிடும். 108 வந்து சேர அரை மணி நேரம் ஆச்சு. உடம்பின் உள்சூடு சாதாரணமா 37 டிகிரி, 40-ஐத் தாண்டினால் உறுப்புகள் கெட ஆரம்பிக்கும். ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னது இதுதான்: "அந்த அரை மணி நேரத் தண்ணிதான் இவரைக் காப்பாத்துச்சு."

அவர் பிழைச்சுட்டார். இப்பவும் வேலைக்கு வர்றார், ஆனால் பத்து மணிக்கு மேல் வெயில் தாங்குவதில்லை. அன்றைக்கு அவரிடம் "முடியுதா அண்ணே?" என்று கேட்டிருந்தால் "முடியும்" என்றுதான் சொல்லியிருப்பார். முடியுமா முடியாதா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டிய மூளைதான் முதலில் பழுதாகிறது. ஆளையே கேட்டுத் தெரிஞ்சுக்க முடியாது, பக்கத்துல இருக்கிறவங்கதான் பார்க்கணும்.

பழகுவது பற்றிக் கேட்டீர்களே. உடம்பு வெயிலுக்குப் பழகும், ஒரு வாரத்திலிருந்து இரண்டு வாரம் ஆகும். பழகின உடம்பு சீக்கிரமே வேர்க்கத் தொடங்கும், வேர்வையில் உப்பைக் குறைவாக விடும். ஆனால் சில வாரம் வேலை இல்லாமல் வீட்டில் இருந்தால் அது போய்விடும். புதுசா வெயில் வேலைக்கு வருகிறவருக்கு முதல் நாள் முழுநேரத்தில் 20 சதவீதம் மட்டும், பிறகு தினம் 20 சதவீதம் கூட்டு என்று அமெரிக்காவில் தொழிலாளர் உடல்நலத்தைப் பார்க்கிற அரசு நிறுவனம் சொல்கிறது. லீவுக்கு வந்து முதல் நாளே மண்வெட்டியோடு நாள் முழுக்க நிற்க ஆசைப்படுகிற தம்பிகளுக்கு இதைத்தான் சொல்வேன்: முதல் நாள் ரெண்டு மணி நேரம் போதும்பா.

மறுநாள் வரும் வலிக்கு 'ஆசிட் கட்டிக்கிச்சு'ன்னு ஒரு பேச்சு உண்டு. லாக்டிக் அமிலம் வேலை நின்ற ஒரு மணி நேரத்துக்குள் பெரும்பாலும் கலைந்துவிடும். பழக்கமில்லாத வேலையில் தசை நார்களில் ஏற்படும் நுண்ணிய சேதம்தான் அந்த வலி. ஒன்றிலிருந்து மூன்று நாளுக்குள் உச்சத்துக்கு வரும், தானே ஆறும். அலுப்புக்குக் குடிக்கிறேன் என்று சொல்கிற ஆண்களோடு நான் சண்டை போடுவதில்லை. ஆனால் சாராயம் தண்ணியை வெளியேற்றும், ஆழ்ந்த தூக்கத்தையும் கெடுக்கும். தசை ஆறுவதே அந்தத் தூக்கத்தில்தான்.

பழகவே பழகாத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். நடவுப் பெண்கள் தண்ணி குடிப்பதில்லை. தாகம் இல்லாமல் இல்லை, ஒதுங்க இடம் இல்லை. புடவைக்கு மேல ஆம்பளைச் சட்டை, தலையில துண்டு, ஆறு மணி நேரம் குனிஞ்ச இடுப்பு, அதுல பாதி நாள் ஒரு செம்புத் தண்ணியோட ஓட்டிடுவாங்க. தண்ணி இல்லாமல் உடம்பு பழகாது, சிறுநீரகம்தான் கெடும். சென்னை ஸ்ரீ ராமச்சந்திரா உயர்கல்வி நிறுவனத்தின் வித்யா வேணுகோபால் குழு தமிழ்நாட்டில் 800 கர்ப்பிணிகளைத் தொடர்ந்து கவனித்து 2024-ல் முடிவை வெளியிட்டது. வேலையிடத்தில் கடும் வெப்பத்தில் இருந்தவர்களுக்குக் கருச்சிதைவு அபாயம் ஏறத்தாழ இரண்டு மடங்கு. அதே ஆண்டில் தமிழ்நாடு அரசு வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்தது. நல்ல விஷயம். ஆனால் அறிவிப்பு வரப்பு வரைக்கும் நடந்து வருவதற்குள் நாமே செய்யக்கூடியது கொஞ்சம் இருக்கிறது.

எங்க வயல்ல இப்போ இப்படித்தான்: விடிய ஐந்தரைக்கு இறங்கி பத்தரைக்கு எல்லாரும் கரையேறணும். அதிக வேலைக்காரி, குறைந்த வேலைக்காரி என்ற பேச்சு இல்லை. மணிக்கு ஒரு தடவை மோர்ப்பானை வரும், கேட்டவங்களுக்கு மட்டும் இல்ல, வரிசையா எல்லாருக்கும். மோட்டார் கொட்டகைக்குப் பின்னாடி கீத்து மறைப்பு கட்டி வாளியில் தண்ணி வச்சிருக்கேன். அதைக் கட்டின அன்றைக்குத்தான் மோர்ப்பானை முதல் தடவையாகக் காலியாகத் திரும்பி வந்தது. ரெண்டு ரெண்டு பேராக ஜோடி, ஒருத்தர் பேச்சு மாறினால் மற்றவர் சத்தம் போடணும். உட்கார்ந்த நேரத்துக்கும் கூலி உண்டு. இதனால் ஒரே நாளில் முடிகிற நடவு மறுநாள் காலை ஒன்பது மணி வரைக்கும் இழுக்கிறது. கூலியும் அந்த அளவுக்குக் கூடுது. நெல் விக்கிற விலையில இது கட்டுப்படியாகுமான்னு பக்கத்து வயல்காரங்க கேட்கிறாங்க, நியாயமான கேள்விதான். சில வருஷம் கட்டுப்படியாகுது, சில வருஷம் கையைக் கடிக்குது.

நீங்க கடையில அரிசி எடுக்கும்போது ரெண்டு ரூபாய் கூடுதுன்னு யோசிப்பீங்க, நானும் உங்க இடத்துல இருந்தா யோசிப்பேன். அந்த ரெண்டு ரூபாயில ஒரு பானை மோரும், ஒரு கீத்து மறைப்பும், பத்தரை மணிக்குக் கரையேறுற உரிமையும் இருக்கலாம். அடுத்த வாரம் எங்க நடவு. அந்த அக்கா கூட்டம்தான் வருது. நாத்து சுமக்க அந்த அண்ணனும் வரேன்னு சொல்லியிருக்கார், காலை எட்டு மணி வரைக்கும் மட்டும்.